கலர் ஸார்

உங்களுக்குப் பிடித்த கலர் என்ன?

நீலமா? அமைதியானவர், ஆழமானவர், ஆனால் அடிக்கடி ஏமாறுகிறவர். சிவப்பா? முன்கோபி, மனசு மட்டும் தங்கம். மஞ்சளா? கணக்கில் கெட்டி, இருந்தாலும் பணம் கையில் நிற்காது. பச்சையா? உழைப்பு உங்களுடையது, பெயர் அடுத்தவனுக்கு!

எப்படி, கரெக்டா? கரெக்டாகத்தான் இருக்கும். இந்த நாலையும் சீட்டுக்கட்டு மாதிரி கலைத்துப் போட்டுச் சொன்னாலும் 'அட, ஆமாம்ப்பா!' என்றுதான் தலையாட்டுவீர்கள். ஏமாறாதவன், பணம் கையில் நிற்கிறவன் நம்மில் எவன்? அதிலும் இருபத்தைந்தாம் தேதிக்கு மேல்!

'கலர்' என்ற சொல்லுக்கே நம் ஊரில் பல அர்த்தம். சின்ன வயசில் பெட்டிக்கடையில் வாங்கிக் குடித்தது ஒரு கலர். காலேஜ் வயசில் பஸ் ஸ்டாப்பில் நின்று பார்த்தது இன்னொரு கலர் (வீட்டில் படிக்கக் கொடுக்கும்போது இந்த வரியை மறைத்துவிடவும்). அடுத்த அர்த்தம் 1994-இல் வேலைக்குச் சேர்ந்தபோது கிடைத்தது. சொல்லிக் கொடுத்தவர் எங்கள் செக்ஷன் சூப்பிரண்டு.

அவருக்கு அப்பா அம்மா வைத்த பெயர் சர்வீஸ் ரிஜிஸ்தரில் மட்டும்தான் இருந்தது. கேன்டீன் சப்ளையர் முதல் ஆடிட்டுக்கு வருகிறவர்கள் வரை எல்லோருக்கும் அவர் 'கலர் ஸார்'.

காரணம், அவரிடம் ஒரு தத்துவம் இருந்தது. சொந்தத் தயாரிப்பு. மதியம் டிபன் பாக்ஸை மூடிவிட்டு ஆரம்பிப்பார்.

"தம்பி, உள்ளே எரியிற விளக்கு எல்லாருக்கும் ஒண்ணுதான். வெள்ளை. மனசுதான் மேலே மாட்டின கண்ணாடி. கோபக்காரனுக்குச் சிவப்புக் கண்ணாடி, பொறாமைக்காரனுக்கு அழுக்குப் பச்சை, பயந்தவனுக்குச் சாம்பல். வியாதின்னா என்ன? உடம்புல ஒரு கலர் கூடிப்போச்சு, இல்லை குறைஞ்சு போச்சு. குறைஞ்சதைக் குடுத்தா சரியாயிடும். சிம்பிள்!"

'சிம்பிள்' என்று சொல்லும்போது விரலைச் சொடுக்குவார். கேட்கிற நமக்கும் சிம்பிளாகத்தான் தோன்றும். ஏழாம் கிளாஸ் கணக்கு வாத்தியாரைத் தவிர அப்படிப் புரிகிற மாதிரி பேசியவரை நான் பார்த்ததில்லை.

தத்துவம் பேச்சோடு நிற்கவில்லை. கிழக்குப் பார்த்த ஜன்னல் விளிம்பில் ஐந்து கலர் பாட்டில்கள் வரிசையாக நின்றன. உள்ளே குழாய்த் தண்ணீர். காலை வெயிலில் 'சார்ஜ்' ஏறியதும் சப்ளை. தலைவலிக்கு நீலம், மந்தத்துக்கு மஞ்சள், படபடப்புக்குப் பச்சை. செக்ஷனில் பாதிப் பேர் டம்ளரோடு கியூவில் நிற்பார்கள். நானும் குடித்திருக்கிறேன். தண்ணீர் மாதிரியே இருந்தது.

கிழமைக்கு ஒரு சட்டையும் உண்டு. ஒரு செவ்வாய்க்கிழமை சிவப்புச் சட்டையோடு ஊரிலிருந்து வருகிறவர்களைக் கூப்பிட எழும்பூர் ஸ்டேஷனுக்குப் போயிருக்கிறார். ஒரு அம்மா அவர் தலையில் டிரங்குப் பெட்டியைத் தூக்கி வைத்து, "வாசல் வரைக்கும் எவ்வளவுப்பா?" என்று கேட்டிருக்கிறார். ஸார் பேசாமல் தூக்கிக்கொண்டு போய் வாசலில் வைத்துவிட்டு, காசு வாங்காமல் வந்துவிட்டார். "சிவப்புக்குச் சேவை குணமும் உண்டு தம்பி" என்றார் மறுநாள்.

கோபத்துக்குப் பச்சை என்று யாருக்கோ பிரிஸ்கிரிப்ஷன் கொடுக்கப் போக, அந்தப் புண்ணியவான் பச்சை மையில் நோட் எழுதி மேலே அனுப்பிவிட்டான். பச்சை மை என்றால் கெஜட்டட் ஆபீஸர் கையெழுத்து. சாதா கிளார்க் தொடலாமா? மெமோ வந்தது. கோபம் குறைந்ததோ இல்லையோ, ரத்தமே சுண்டிப்போனது.

சிரிக்கிறோம். ஆனால் ஒன்றைச் சொல்ல வேண்டும். அவரிடம் ஆள் போனது பாட்டிலுக்காக மட்டும் இல்லை. "ராத்திரி தூக்கம் வருதா? வீட்டுல ஏதாவது மனஸ்தாபமா? கடன் எவ்வளவு நிக்குது?" என்று பக்கத்தில் உட்கார்ந்து கேட்பார். சொல்லி முடிக்கும்வரை ஃபைலைப் பிரிக்க மாட்டார். வெள்ளைக் கோட்டு டாக்டர்கள் நம் முகத்தைப் பார்ப்பதற்குள் அடுத்த டோக்கன் நம்பரைக் கூப்பிட்டுவிடுகிறார்கள். கலர் ஸாருக்கு டோக்கன் கிடையாது.

* * *

இந்தச் சரக்கு முழுக்க அவருடைய சொந்தச் சரக்கு என்றுதான் வெகுநாள் நினைத்தேன். சென்ட்ரல் பக்கம் பழைய புத்தகக் கடைகளில் மேய ஆரம்பித்த பிறகுதான், இது ஒரு பெரிய பரம்பரை என்று தெரிந்தது.

வெள்ளை ஒளிக்குள் எல்லா வண்ணமும் ஒளிந்திருப்பதைக் கண்ணாடிப் பட்டகத்தை வைத்துக் காட்டியவர் நியூட்டன். அவர் முதலில் எண்ணியது ஐந்து நிறம். பிறகு ஆரஞ்சையும் இண்டிகோவையும் சேர்த்து ஏழாக்கினார். சங்கீதத்தில் ஏழு ஸ்வரம் இருக்கிறதே, அதோடு ஒத்துப்போக வேண்டாமா! வானவில்லில் கோடு போட்டு ஏழு கட்டமா இருக்கிறது? நிறம் நிறத்தோடு இழைந்துகொண்டே போகிறது. விஞ்ஞானிக்கே ஏழின் மேல் அப்படி ஒரு கிறுக்கு என்றால் மற்றவர்களைச் சொல்வானேன்?

அமெரிக்காவில் பிலடெல்பியா நகரத்தில் பிளசன்டன் என்று ஒரு ஜெனரல். திராட்சை வளர்க்கும் கண்ணாடி வீட்டில் நடுநடுவே நீலக் கண்ணாடி பதித்தார். கொடி அமோகமாய் வளர்ந்தது, பன்றிக்குட்டி கொழுத்தது, ஆகவே மனுஷனுக்கும் நீலம் நல்லது என்று 1876-இல் புத்தகம் போட்டார். நீலக் காகிதத்தில் நீல மையில் அச்சடித்த புத்தகம்! அடுத்த வருஷம் ஊர் ஊராக ஜன்னலுக்கு நீலக் கண்ணாடி மாட்டினார்கள். கண்ணாடிக் கடைக்காரர்களுக்கு நிஜமாகவே குணம் தெரிந்திருக்கும். 1878-இல் பாபிட் என்பவர் ஒளியையும் வண்ணத்தையும் பற்றித் தலையணை சைஸில் ஒரு புத்தகம் எழுதி, ஒவ்வொரு நிறத்துக்கும் ஒரு வைத்திய குணத்தைப் பங்கிட்டுக் கொடுத்தார்.

நம் அடையாறுக்கும் இதில் பங்கு உண்டு. தியசாபிகல் சொசைட்டியின் லெட்பீட்டர், மனிதனைச் சுற்றி இருக்கும் ஒளிவட்டத்தைத் தன்னால் பார்க்க முடியும் என்றவர். கோபம் வந்தால் இந்த நிறம், பக்தி வந்தால் அந்த நிறம் என்று 1902-இல் கலர்ப் படங்களோடு புத்தகமே போட்டார். 1909-இல் அடையாறு கடற்கரையில் ஒரு ஒல்லிப் பையனைப் பார்த்து, 'சுயநலத்தின் சாயலே இல்லாத ஒளிவட்டம்' என்று அவனைத் தேர்ந்தெடுத்தார். உலக குருவாக வளர்த்தார்கள். பையன் 1929-இல் தனக்காக ஏற்படுத்திய சங்கத்தையே கலைத்துவிட்டு, 'யாரையும் பின்பற்றாதீர்கள்' என்று சொல்லிவிட்டுப் போய்விட்டான். ஜே. கிருஷ்ணமூர்த்தி!

எல்லோருக்கும் மேலே ஒருவர் இருக்கிறார். பம்பாயில் 1873-இல் பிறந்த பார்ஸி, தின்ஷா கடியாலி. அவரே சொல்லி வைத்த கதை இது. 1897-இல் ஜல்காவில், நண்பர் வீட்டுப் பெண் குடல் நோவில் சாகக் கிடக்கிறாள். இவருக்குப் பாபிட் புத்தகம் ஞாபகம் வருகிறது. மண்ணெண்ணெய் விளக்கு முன்னால் ஒரு ஊதா நிற ஊறுகாய் பாட்டிலைப் பிடித்து அந்த வெளிச்சத்தை அவள் மேல் காட்டினார். பெண் பிழைத்தாள்.

ஊறுகாய் பாட்டிலில் ஆரம்பித்தது, 1911-இல் அமெரிக்காவுக்குக் கப்பலேறி, 1920-இல் 'ஸ்பெக்ட்ரோக்ரோம்' என்ற மெஷினாக வெளியே வந்தது. ஒரு பெட்டி, உள்ளே பல்பு, முன்னால் கலர் கண்ணாடித் தகடுகள். பன்னிரண்டு நிறம். நோயாளி துணியில்லாமல் வடக்கே தலை வைத்துப் படுக்க வேண்டும். சர்க்கரை வியாதி, டி.பி. எல்லாவற்றுக்கும் அந்தப் பெட்டிதான். 1931-இல் பஃபலோ நகரத்தில் மோசடி வழக்குப் போட்டார்கள். பிலடெல்பியாவில் பெரிய சர்ஜனாக இருந்த கேட் பால்ட்வின் என்ற அம்மையாரே கூண்டில் ஏறி இவருக்கு ஆதரவாகச் சாட்சி சொன்னார். விடுதலை! 1947-இல் இன்னொரு வழக்கில் தப்பவில்லை. இருபதாயிரம் டாலர் அபராதம், ஐந்து வருஷம் கண்காணிப்பு. 1966-இல் இறக்கும்வரை மனிதர் தன் கொள்கையை விடவில்லை.

நம் கலர் ஸார் மெஷின் விற்கவில்லை. அஞ்சு பைசா வாங்கவில்லை. அதனால்தான் அடுத்து நடந்ததைச் சொல்வது கஷ்டமாக இருக்கிறது.

* * *

எங்கள் செக்ஷன் ப்யூன் அண்ணனுக்குச் சர்க்கரை. நாற்பத்தைந்து வயசு இருக்கும். ஸார் மேல் உயிர். பாட்டில்களைக் கழுவி, தண்ணீர் ரொப்பி, வெயில் நகர நகரப் பாட்டிலை நகர்த்தி வைப்பதெல்லாம் அவர்தான். 1996 ஜூன் வாக்கில் ஒரு மாதிரி விந்தி விந்தி நடந்தார்.

"என்னண்ணே கால்ல?"

"ஒண்ணுமில்ல தம்பி. செருப்புக் கடி."

"எத்தனை நாளா?"

"மூணு வாரம் இருக்கும். ஸார் மஞ்சத் தண்ணி குடிக்கச் சொல்லியிருக்காரு. ஆறிடும்."

மூன்று வாரமாக ஆறாத செருப்புக் கடியா? மத்தியானம் பர்மிஷன் போட்டு, அவரை ஸ்கூட்டரில் ஏற்றிப் பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனேன். கட்டைப் பிரித்ததும் நர்ஸ் முகம் மாறியது. சர்க்கரை 412. சுண்டு விரலும் அடுத்த விரலும் கறுத்துவிட்டன. இரண்டையும் எடுத்தார்கள். "இன்னும் நாலு நாள் விட்டிருந்தா முழங்காலோட போயிருக்கும்" என்றார் டாக்டர்.

"மாத்திரை போட்டீங்களா இல்லையா?"

ப்யூன் அண்ணன் என்னைப் பார்த்தார், டாக்டரைப் பார்க்கவில்லை. "நாலு மாசமா இல்ல தம்பி. ஸார் தண்ணிதான் இருக்கே. மாத்திரைக் காசுல பொண்ணுக்கு டைப்ரைட்டிங் ஃபீஸ் கட்டிட்டேன்."

சேதி கேட்டு ஸார் ஓடிவந்தார். "நான் நிறுத்தச் சொல்லலையே... நான் நிறுத்தச் சொல்லவே இல்லையே தம்பி..." என்று வராந்தாவில் திரும்பத் திரும்ப அதையே சொன்னார். நிஜம்தான். நிறுத்தச் சொல்லவில்லை. நிறுத்தாதே என்றும் சொல்லவில்லை.

பிறகு சாவியைக் கொடுத்து, "என் டிராயர்ல ஒரு கவர்ல பணம் இருக்கு, எடுத்துட்டு வாங்க" என்று என்னை ஆபீஸுக்கு அனுப்பினார். திறந்தேன். கவருக்குப் பக்கத்தில் ஒரு மாத்திரை அட்டை. பிரஷர் மாத்திரை. பத்தில் ஆறு காலி.

பணத்தைக் கொடுக்கும்போது கேட்டேன். "டிராயர்ல ஒரு அட்டை பார்த்தேன் ஸார்."

"அதுவா? பத்து வருஷமா போடறேன். அது வேற டிபார்ட்மென்ட் தம்பி."

"அந்த டிபார்ட்மென்ட் ஒண்ணு இருக்குன்னு இவர்கிட்ட ஒரு நாள் காட்டியிருக்கலாமே ஸார்."

அவர் பதில் சொல்லவில்லை. நானும் அதற்கு மேல் பேசவில்லை. அவர் என் சூப்பிரண்டு. அதோடு, கொண்டுவந்த கவரில் அவருடைய அந்த மாதச் சம்பளத்தில் பாதி இருந்தது.

அன்று ராத்திரி பஸ்ஸில் வரும்போது ஒன்று புரிந்தது. தத்துவம் சொல்கிறவருக்கு எப்போதும் ஒரு பின்வாசல் இருக்கிறது. ஒளி ஆத்மாவுக்கு, மாத்திரை உடம்புக்கு என்று மனசுக்குள் இரண்டு அறை கட்டி வைத்திருப்பார். அது அவருக்குத் தெரியும். முன்வாசல் வழியாக நம்பிக்கையோடு உள்ளே வருகிறவனுக்கு அந்தப் பின்வாசல் தெரியாது. மாத்திரைக்குக் காசு, தண்ணீருக்குக் காசில்லை என்கிற நிலையில் இருப்பவன் எதை நிறுத்துவான்? கணக்குப் போட டிகிரி வேண்டுமா?

மறுநாள் ஸார் தன் மாத்திரை அட்டையோடு வார்டுக்கு வந்தார். ப்யூன் அண்ணன் கையில் வைத்துச் சொன்னார். "இதை நான் தினமும் முழுங்கறேன்யா. தண்ணி குடிச்சுட்டு இதையும் முழுங்கறேன். நீயும் முழுங்கணும்." அந்த அண்ணன் அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டே இருந்தார். வருத்தமா கோபமா என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. ஸாராக இருந்தால் ஒரு கலர் சொல்லியிருப்பார்.

ஜன்னல் பாட்டில்களில் பிறகு மணி பிளான்ட் வளர்ந்தது. தத்துவம் நிற்கவில்லை, மதியப் பேச்சும் நிற்கவில்லை. ஆனால் யார் வந்து உட்கார்ந்தாலும் முதல் கேள்வி மாறிவிட்டது. "மாத்திரை போட்டாச்சா?"

* * *

1999-இல் எனக்குப் பெண் பிறந்தாள். மூன்றாம் நாள் உடம்பெல்லாம் மஞ்சள் பூத்துவிட்டது. கண்ணைக் கட்டி, நீல டியூப்லைட்டுகளுக்குக் கீழே படுக்க வைத்தார்கள். நானும் மனைவியும் கண்ணாடிக்கு வெளியே நின்றுகொண்டிருந்தோம். பார்க்க வந்த ஸாருக்கு (ரிடையராகி ஒரு வருஷம் ஆகியிருந்தது) முகமெல்லாம் பல்.

"பார்த்தீங்களா தம்பி! நீலம்! நான் சொன்னப்ப சிரிச்சீங்களே!"

எனக்கே ஒரு கணம் தடுமாற்றம்தான். ஜெனரலின் நீலக் கண்ணாடியும் இந்த நீல டியூப்லைட்டும் ஒன்றா?

இந்த விளக்கின் கதையைப் பிறகு தேடிப் படித்தேன். இங்கிலாந்தில் எஸெக்ஸ் பக்கம் ராச்ஃபோர்ட் ஆஸ்பத்திரி. குறைமாதக் குழந்தைகளைக் காலை வெயிலில் கொஞ்சம் காற்றாட வைப்பது அங்கே சிஸ்டர் வார்ட் என்ற நர்ஸின் வழக்கம். 1956-இல் ஒரு நாள் ஒரு குழந்தையைத் துணியை விலக்கி டாக்டர்களிடம் காட்டினார். உடம்பெல்லாம் வெளுத்திருக்க, ஒரு முக்கோணம் மட்டும் மஞ்சளாக நின்றது. போர்வை நுனி மூடியிருந்த இடம்! வெயில் பட்ட இடத்தில் மஞ்சள் போய், படாத இடத்தில் அப்படியே இருந்தது. பிறகு ஜன்னலோரம் வெயிலில் மறந்து வைத்த ஒரு ரத்தக் குழாயிலும் மஞ்சள் சத்து குறைந்திருந்தது. டாக்டர் கிரெமரும் கூட்டாளிகளும் எந்த ஒளி, எவ்வளவு என்று அளந்து பார்த்து, நீல விளக்குத் தொட்டில் செய்து, 1958-இல் 'லான்ஸெட்' பத்திரிகையில் எழுதினார்கள். பிலிரூபின் என்ற மஞ்சள் பொருள் நீல ஒளியை உறிஞ்சி வடிவம் மாறுகிறது, உடம்பை விட்டு வெளியேறிவிடுகிறது. இதில் ஆத்மாவுக்கு வேலையே இல்லை.

எங்கள் குழந்தை டாக்டர் அம்மா தினமும் குதிகாலில் ஒரு சொட்டு ரத்தம் எடுத்து நம்பரைச் சீட்டில் எழுதுவார். முதல் நாள் 18. அடுத்த நாள் 14. மூன்றாம் நாள் 10. "போதும்" என்று சுவிட்சை அணைத்துவிட்டார்.

ஸாருக்கு மனசு கேட்கவில்லை. "இன்னும் ரெண்டு நாள் வெச்சா இன்னும் நல்லதுதானே டாக்டர்?"

"எதுக்கு ஸார்? அதோட வேலை முடிஞ்சு போச்சு."

ஸார் அணைந்த டியூப்லைட்டையே கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டு நின்றார்.

எனக்கு வித்தியாசம் அங்கேதான் புரிந்தது. அந்த அம்மாவின் நீலத்துக்கு ஒரு வேலை உண்டு, அளவு உண்டு, நிறுத்தும் நேரம் உண்டு. நம்பர் இறங்காமல் இருந்திருந்தால் 'பலிக்கவில்லை' என்று ஒப்புக்கொண்டு வேறு வழி பார்த்திருப்பார். ஸாரின் நீலத்துக்கு இதெல்லாம் கிடையாது. குணமானால் நீலத்தால், ஆகாவிட்டால் இன்னும் நீலம்!

இன்றைக்கு ஜன்னல் பாட்டில் எல்லாம் வாட்ஸ்அப்புக்குக் குடிபெயர்ந்துவிட்டது. சக்கரத்துக்கு ஒரு கலர், கிரகத்துக்கு ஒரு கலர், காலையில் குட்மார்னிங்கோடு வந்து விழுகிறது. படியுங்கள், ரசியுங்கள். அனுப்புகிறவரிடம் மூன்றே மூன்று கேள்வி கேளுங்கள். எவ்வளவு? எத்தனை நாள்? பலிக்கவில்லை என்றால் எப்படித் தெரியும்? அதோடு நாலாவதாக, உங்க டிராயரில் என்ன மாத்திரை இருக்கிறது ஸார்?

குழந்தைக்கு மஞ்சள் என்றால் ஜன்னல் வெயிலில் காட்டிவிட்டு உட்கார்ந்திருக்காமல் டாக்டரிடம் தூக்கிக்கொண்டு ஓடுங்கள். அப்பாவுக்குச் சர்க்கரை என்றால் இன்று ராத்திரி அவர் மாத்திரை அட்டையை எடுத்து எண்ணிப் பாருங்கள். குறைய வேண்டிய கணக்கில் குறைந்திருக்கிறதா என்று. கூடவே பத்து நிமிஷம் பக்கத்தில் உட்கார்ந்து, தூக்கம் வருகிறதா, கவலை ஏதும் உண்டா என்று கேளுங்கள். கலர் ஸாரிடம் கற்றுக்கொள்ள அது ஒன்று இருக்கிறது.

மற்றபடி செவ்வாய்க்கிழமை சிவப்புச் சட்டை போட ஆசையா? தாராளமாய்ப் போடுங்கள். எழும்பூர் பக்கம் மட்டும் போகாதீர்கள்!